லாச்சப்பலிலிருந்து கான் வரை: ஷோபாசக்தியின் நடிப்பு வாழ்க்கையும் அகதி நடிகரின் இடமும்

2015 மே 24 அன்று கான் திரைப்பட விழாவின் தங்கப் பனை விருதை ‘தீபன்’ பெற்றது. நடுவர் குழுவுக்குத் தலைமை வகித்தவர்கள் அமெரிக்க இயக்குநர்களான கோயன் சகோதரர்கள். படத்தை இயக்கியவர் பிரெஞ்சுக்காரரான ஜாக் ஓடியார். படத்தில் பெரும்பாலும் பேசப்பட்ட மொழியோ தமிழ். மையப் பாத்திரத்தை ஏற்றவர், அப்போது இருபது ஆண்டுகளுக்கு மேலாகப் பிரான்ஸில் அகதியாக வாழ்ந்துவந்த ஈழத்து எழுத்தாளர் ஷோபாசக்தி. நடிகர் பட்டியல்களில் அவர் பெயர் அந்தோனிதாசன் யேசுதாசன். விருதுக்குப் பிறகு உலகப் பத்திரிகைகள் அவரைப் பற்றி எழுதியவற்றில் ஒரே செய்திதான் திரும்பத் திரும்ப வந்தது: முன்னாள் போராளி ஒருவர் முன்னாள் போராளியாகத் தோன்றியிருக்கிறார், தன் கதையைத் தானே வாழ்ந்து காட்டியிருக்கிறார். படத்தில் பாதி தன் வாழ்க்கைதான் என்று அவரே நேர்காணல்களில் சொன்னதும் இந்தப் பார்வைக்கு வலுச் சேர்த்தது.

மற்றப் பாதியைப் பற்றி எழுதியவர்கள் மிகக் குறைவு. அந்தப் பாதிதான் நடிப்பு. அகதியாக வந்த நடிகரை ஐரோப்பிய சினிமா முதலில் ஒரு சாட்சியாகவே உள்ளே அனுமதிக்கிறது. சாட்சியத்தைப் பெற்றுக்கொண்டதும் அவருடைய கலையைப் பற்றி அது பேசுவதில்லை. ஷோபாசக்தியின் நடிப்பு வாழ்க்கையை அதன் முன்வரலாற்றோடு சேர்த்துப் பார்த்தால் இது புலப்படும். அந்த முன்வரலாற்றின் பெரும்பகுதி பாரிஸில், நம்மவர்கள் லாச்சப்பல் என்று அழைக்கும் தெருக்களில் நடந்தது.

கார் து நோர் ரயில் நிலையத்திலிருந்து வடக்கே லா ஷப்பல் மெட்ரோவரை நீளும் ஃபோபூர் சன் தெனி வீதியின் மேற்பகுதி, அதை ஒட்டிய காய் வீதி, பெர்தொனே வீதி: இவ்வளவுதான் லாச்சப்பல். இந்தியக் கடைகள் அதற்கு முன்பே பாசாஜ் பிராடி பக்கம் இருந்தன. 1983 ஜூலை வன்செயல்களுக்குப் பிறகு வந்து குவிந்த ஈழத்தமிழர்கள் எண்பதுகளின் நடுப்பகுதியிலிருந்து இந்தத் தெருக்களில் கடை திறக்கத் தொடங்கினர். மரக்கறிக் கடை, நகைக் கடை, புடவைக் கடை, படக் கசெட் வாடகைக்குக் கொடுக்கும் கடை, பத்திரிகையும் புத்தகமும் விற்கும் கடை என்று அது வளர்ந்தது. இன்று பஜோல் வீதியில் இருக்கும் மாணிக்க விநாயகர் ஆலயம் 1985இல் தொடங்கப்பட்டது. ஆவணி மாதத் தேர் இந்தத் தெருக்களில்தான் ஓடுகிறது.

அதே 1985இல்தான் பீட்டர் புரூக்கின் ‘மகாபாரதம்’ அவிஞ்ஞோன் விழாவில் அரங்கேறிப் பின் பாரிஸுக்கு வந்தது. ஏறக்குறைய ஒன்பது மணி நேர நாடகம். பாரிஸில் அது நிகழ்ந்த புஃப் து நோர் அரங்கு லா ஷப்பல் மெட்ரோ வாசலில் இருக்கிறது. 1876இல் கட்டப்பட்டுப் பின்னாளில் பாழடைந்து கிடந்த அந்தக் கட்டடத்தை புரூக் 1974இல் மீண்டும் திறந்திருந்தார். பீஷ்மராக மேற்கு ஆபிரிக்காவின் சொத்திகி குயாத்தே, துரோணராக ஜப்பானிய நடிகர் யோஷி ஓய்தா, திரௌபதியாக மல்லிகா சாராபாய். ஒவ்வொருவரும் தத்தம் நாட்டு உச்சரிப்போடு பிரெஞ்சு பேசினார்கள், பாரிஸ் அதை உயர்ந்த கலை என்று கொண்டாடியது. அந்த அரங்குக்கு நூறு, இருநூறு மீற்றர் தொலைவில் உணவகச் சமையலறைகளில் கோப்பை கழுவிக்கொண்டிருந்த இளைஞர்களில் பலர், ஊரில் கர்ணனாகவும் துரியோதனனாகவும் கூத்தில் ஆடியவர்களின் பிள்ளைகள். இரண்டு உலகங்களும் ஒரே மெட்ரோ நிலையத்தில் இறங்கி ஏறின, ஒன்றையொன்று கண்டுகொள்ளவில்லை. உச்சரிப்பு வேறுபாட்டை ஏற்கும் மனம் பாரிஸ் அரங்குக்கு இருந்தது என்பதற்கு அந்த மகாபாரதமே சான்று. பக்கத்துத் தெருத் தமிழருக்கு அந்த வாசல் திறக்க இன்னும் முப்பது ஆண்டுகள் ஆயின.

அந்த முப்பது ஆண்டுகளில் பாரிஸில் தமிழ் நடிகரே இல்லாமல் போகவில்லை. ‘கடமையின் எல்லை’ போன்ற இலங்கைத் தமிழ்ப் படங்களில் நடித்து, 1968இல் ‘நிர்மலா’வைத் தயாரித்து அதில் தானே நாயகனாகவும் தோன்றிய ஏ. ரகுநாதன் இங்கேதான் வாழ்ந்தார். மேடையிலிருந்து சினிமாவுக்கு வந்த அவர், தென்னிந்தியப் படங்களின் போட்டிக்கு நடுவே ஈழத்துக்கென்று ஒரு திரை மொழி வேண்டும் என்று சொந்தப் பணத்தைக் கொட்டிய தலைமுறையைச் சேர்ந்தவர். அந்தச் சினிமாவின் அடித்தளமே 1983இல் எரிந்தது. சினிமாஸ் நிறுவன அதிபர் கே. குணரத்தினத்தின் ஹெந்தளை விஜயா ஸ்ரூடியோ ஜூலை வன்செயலில் தீக்கிரையானது, பல படங்களின் பிரதிகளும் அழிந்தன. பாரிஸுக்கு வந்த ரகுநாதன் புலம்பெயர் நாடகங்களிலும் குறும்படங்களிலும் நடித்தார், இளையவர்களுக்குப் பயிற்சி கொடுத்தார். கோவிட் பெருந்தொற்றின் முதல் அலையில், 2020 ஏப்ரலில், பாரிஸில் இறந்தார். ஐம்பது ஆண்டுகளுக்கு மேற்பட்ட நடிப்பு அனுபவம் கொண்ட ஒரு கலைஞர் தங்கள் தலைநகரில் இருந்தார் என்பதைப் பிரெஞ்சுத் திரையுலகம் அறிந்ததாகச் சுவடு எதுவும் இல்லை. ஷோபாசக்திக்கு நேர்ந்ததை மதிப்பிடும்போது, ரகுநாதனுக்கு நேராமல் போனதையும் அதன் அருகில் வைத்துப் பார்க்க வேண்டும் என்பது என் கருத்து.

ஷோபாசக்தி 1967இல் யாழ்ப்பாணத் தீவகத்தின் அல்லைப்பிட்டியில் பிறந்தார். கத்தோலிக்க நாட்டுக்கூத்து வேரோடியிருந்த கரையோரப் பண்பாட்டுக்கு அண்மையில் அமைந்த ஊர் அது. விடிய விடிய நடக்கும் அந்தக் கூத்துகளில் குரலால் வெளியை நிரப்பவும், அரசனாக நின்ற அதே காலால் அடுத்த காட்சியில் பிச்சைக்காரனாக நடக்கவும் அண்ணாவியார்கள் பழக்குவார்கள். சிறுவயதில் ஊர் மேடைகளிலும் பின்னர் தெரு நாடகங்களிலும் நடித்ததை ஷோபாசக்தி பல நேர்காணல்களில் குறிப்பிட்டிருக்கிறார். பதின்வயதில் விடுதலைப் புலிகள் இயக்கத்தில் சேர்ந்து 1986இல் அதிலிருந்து விலகினார். நாட்டை விட்டு வெளியேறி, தாய்லாந்தில் சில ஆண்டுகள் அகதியாக இருந்து, 1993இல் போலிக் கடவுச்சீட்டில் பிரான்ஸ் வந்து சேர்ந்தார். கோப்பை கழுவுதல், சமையல், சூப்பர் மார்க்கெட்டில் சாமான் அடுக்குதல் என்று கிடைத்த வேலை எல்லாம் செய்தார்.

அன்றைய பாரிஸ் தமிழ்ச் சூழல் அச்சம் மிகுந்தது. மாற்றுக் கருத்துக் கொண்டிருந்த சபாலிங்கம் 1994 மே 1 அன்று பாரிஸில் தன் வீட்டில் சுட்டுக் கொல்லப்பட்டார். அதே நகரில்தான் ‘எக்ஸில்’, ‘உயிர்நிழல்’, ‘அம்மா’ போன்ற சிற்றிதழ்கள் துணிந்து வெளிவந்தன. 1988இல் மேற்கு ஜெர்மனியில் தொடங்கிய இலக்கியச் சந்திப்பு நகரம் நகரமாகக் கூடியது. ட்ரொட்ஸ்கிய அரசியல் அமைப்பொன்றில் இயங்கிய ஷோபாசக்தி தொண்ணூறுகளின் பிற்பகுதியில் இந்தச் சூழலிலிருந்து எழுத வந்தார். ‘கொரில்லா’ 2001இலும் ‘ம்’ 2004இலும் வெளிவந்தன.

அந்த எழுத்துக்கும் நடிப்புக்கும் இடையே உறவு உண்டு. ‘கொரில்லா’ தொடங்கி அவருடைய கதைகளில் அகதி விண்ணப்பம், வாக்குமூலம், கடிதம், வதந்தி, அடிக்குறிப்பு என்று பல குரல்கள் ஒன்றன் மேல் ஒன்றாக வருகின்றன. கதை சொல்பவர் உண்மை சொல்கிறாரா, அதிகாரிக்கு வேண்டியதைச் சொல்கிறாரா என்று வாசகர் தடுமாற வேண்டியிருக்கும். அகதி விண்ணப்பம் என்பதே ஒரு வகை மேடை என்பதை அறியாத பாரிஸ் தமிழர் இல்லை. கேஸ் எழுதிக் கொடுப்பவர், அதை மனப்பாடம் செய்பவர், அகதி விண்ணப்பங்களை விசாரிக்கும் ஒஃப்ரா அலுவலகத்தில் முகம் பார்த்து மதிப்பிடுபவர் எல்லோரும் அந்த மேடையில் இருக்கிறார்கள். உண்மையாகவே சித்திரவதை அனுபவித்தவரும் அதை நம்பும்படி நடித்துக் காட்டினால்தான் விசா. இந்த அனுபவத்தைப் பல ஆண்டு எழுத்தில் அலசியவர், கமரா முன் நின்றபோது வெறுங்கையோடு போய் நிற்கவில்லை.

திரைக்கு முதலில் அவர் எழுத்தாளராகவே வந்தார். லீனா மணிமேகலையின் ‘செங்கடல்’ தனுஷ்கோடி மீனவர்களையும் கடல் கடந்துவரும் ஈழ அகதிகளையும் பற்றியது. திரைக்கதையிலும் உரையாடலிலும் பங்களித்த ஷோபாசக்தி அதில் ஒரு வேடத்திலும் தோன்றினார். தணிக்கைக் குழு சான்றிதழ் தர மறுத்து, மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம்வரை போராடி 2011இல்தான் படத்துக்கு அனுமதி கிடைத்தது. தொழில்முறை நடிகர்களை விட்டுத் தனுஷ்கோடி மக்களையே நடிக்கவைத்த படம் அது. அந்தக் கூட்டத்தின் நடுவே துருத்தாமல் நிற்கப் பழகியது அடுத்து வந்த பெரிய வேலைக்கு உதவியிருக்கும் என்றே கருதுகிறேன்.

‘தீபன்’ கதையின் அடித்தளமே ஆள்மாறாட்டம். போர் முடியும் தறுவாயில் சிவதாசன் என்ற போராளி, தோழர்களின் உடல்களை எரித்துச் சீருடையையும் களைகிறார். இறந்துபோன தீபன் என்பவரின் கடவுச்சீட்டைப் பெற்று, முன்பின் அறியாத ஒரு பெண்ணையும் சிறுமியையும் மனைவி மகளாகக் காட்டிப் பிரான்ஸ் வந்து சேர்கிறார். அந்தப் பெண் யாழினியாக நடித்தவர் சென்னை நாடகக் கலைஞர் காளீஸ்வரி சீனிவாசன், சிறுமி இளையாளாக நடித்தவர் குளோடின் வினாசித்தம்பி. ஓடியார், தோமா பிதகேன், நோஏ தெப்ரே மூவரும் எழுதிய திரைக்கதைக்கு மொந்தெஸ்கியூவின் ‘பாரசீகக் கடிதங்கள்’ ஒரு தூண்டுதல் என்று ஓடியார் சொல்லியிருக்கிறார். பாரிஸுக்கு மேற்கே புவாசி நகரின் லா குத்ரே குடியிருப்பில்தான் முக்கியப் பகுதிகள் படமாக்கப்பட்டன. படத்தில் அதன் பெயர் ‘லு ப்ரே’. தீபனுக்கு அங்கே கார்டியன் வேலை: தபால் பிரிப்பது, மாடிப்படி துடைப்பது, பழுதானதைச் சரிசெய்வது.

நடிகரின் கையிலிருந்த சிக்கல் எளிதானதல்ல. சிவதாசன் தீபனாக நடிக்கிறார். அந்த நடிப்பு பிரெஞ்சு அதிகாரிகளை ஏமாற்ற வேண்டும். யாழினியை ஏமாற்ற முடியாது, அவளுக்கு உண்மை தெரியும். பார்வையாளருக்கோ எப்போது எந்த ஆள் கண்ணில் எட்டிப் பார்க்கிறார் என்பது புரிய வேண்டும். ஒஃப்ரா நேர்காணல் காட்சியில் மொழிபெயர்ப்பாளரும் தமிழர். ஏஜென்சி சொல்லிக் கொடுத்த கதை அவரிடம் எடுபடுவதில்லை. அந்தச் சில கணங்களில் ஷோபாசக்தி முகத்தில் எதையும் பெரிதாகச் செய்வதில்லை, மனப்பாடக் குரல் மட்டும் தளர்ந்து இறங்குகிறது. படம் முழுக்க அவர் இப்படித்தான். உணர்ச்சியை முகத்தில் எழுதிக் காட்டும் நம் சினிமாப் பழக்கம் துளியும் இல்லை. வேலை செய்யும் கைகளிலும் கதவு தட்டப்படும்போது திரும்பும் கழுத்திலும் அது வெளிப்படுகிறது.

இருளிலிருந்து சிவப்பும் நீலமுமாக மின்னும் விளக்குகள் மெல்ல நெருங்கிவர, அவை தீபன் தலையில் மாட்டிக்கொண்டு தெருவில் விற்கும் விளையாட்டுப் பொருள் என்று தெரியும் காட்சி பலர் நினைவில் நிற்பது. கூனிக் குறுகி, பரிதாபத்தைக் கேட்டு வாங்கும் நடை நடந்திருந்தால் அந்தக் காட்சி மலிந்திருக்கும். அவர் ஒரு தொழிலாளியின் நடையில் வருகிறார். பின்பு, போதைப்பொருள் கும்பல்களின் சண்டைக்கு நடுவே தரையில் வெள்ளைக் கோடு போட்டு இதற்கு மேல் யாரும் வரக்கூடாது என்று கத்தும் இடத்தில்தான் கூத்துக் குரல் முதன்முறையாக வெளியே வருகிறது. அதுவரை அடக்கிவைத்த உடலுக்குள் இவ்வளவு பெரிய குரல் இருந்ததா என்று அந்தக் குடியிருப்பே திகைக்கிறது. புகை மூடிய படிக்கட்டில் ஏறும் இறுதி வன்முறைக் காட்சியை விமர்சகர் பலர் ஏற்கவில்லை. எனக்கும் அதில் உடன்பாடில்லை. அகதியின் வாழ்வை அமெரிக்கப் பழிவாங்கும் படங்களின் சட்டத்தில் அடைக்கிறது அந்த முடிவு. ஆனால் அந்தப் பகுதியிலும், பயிற்சி பெற்ற உடல் தன் பழைய வேலைக்குத் திரும்புவதில் ஆனந்தம் எதுவும் தெரியாமல் அவர் பார்த்துக்கொள்கிறார்.

தன்னைத்தானே நடித்தார் என்ற கூற்றை வாழ்க்கை விவரங்களே மறுக்கின்றன. ஷோபாசக்தி இயக்கத்தை விட்டது 1986இல், பதின்வயது முடியும் தறுவாயில். சிவதாசன் போரின் கடைசிவரை நின்று தோற்றவர். இடையில் இருபத்து மூன்று ஆண்டுகள். அந்த ஆண்டுகளில் ஷோபாசக்தி அதே இயக்கத்தைக் கடுமையாக விமர்சித்து எழுதிக்கொண்டிருந்தார். படத்தில் மீண்டும் ஆயுதத்துக்குப் பணம் திரட்டச் சொல்லும் கேர்ணல் சேரனின் முன்னால் சிவதாசன் நிற்கும் காட்சியில், தான் அரசியலால் மறுத்த ஒரு விசுவாசத்தை உள்ளிருந்து புரிந்துகொண்டு நடிக்க வேண்டியிருந்தது. நினைவு மட்டும் அதற்குப் போதாது.

பிரெஞ்சுத் திரையுலகின் 2016 சேசார் விருதுகளில் சிறந்த நடிகருக்கான ஏழு பெயர்களில் அவருடையதும் இருந்தது. ஜெரார் தெபார்திய, வின்சன் கசெல், ஃபாப்ரிஸ் லுக்கினி ஆகியோரோடு ஒரு தமிழ்ப் பெயர். விருது வின்சன் லேந்தோனுக்குப் போனது. ஒன்பது பிரிவுகளில் முன்மொழியப்பட்ட ‘தீபன்’ வெறுங்கையோடு திரும்பியது. அதைவிடக் கவனிக்க வேண்டியது அதற்குப் பின் நடந்தது. கானிலும் சேசாரிலும் இந்த அளவு பேசப்பட்ட பிரெஞ்சு நடிகர் ஒருவருக்கு அடுத்த சில ஆண்டுகளில் முதன்மை வேடங்கள் வரிசை கட்டி வந்திருக்கும். ‘தீபன்’ போன்ற எடையுள்ள இன்னொரு வேடத்தைப் பிரெஞ்சு சினிமா அவருக்கு எழுதவில்லை.

இந்த நிலைக்கு ஐரோப்பாவில் பழைய வரலாறு உண்டு. 1933இல் நாஜிகளிடமிருந்து தப்பிய ஜெர்மன் மொழி நடிகர்களில் பலர் முதலில் வந்து தங்கிய நகரம் இதே பாரிஸ். அவர்களில் ஒருவர் பீற்றர் லோரே. ஃபிரிட்ஸ் லாங்கின் ‘எம்’ படத்தால் 1931இல் உலகறிந்த அவர் ஹொலிவூட் சேர்ந்தபின் அந்நியர், கொலைகாரர், ஒற்றர் என்றே வேடம் பெற்றார். 1937 முதல் 1939 வரை எட்டுப் படங்களில் மோட்டோ என்ற ஜப்பானியத் துப்பறிவாளராகவும் தோன்றினார். உச்சரிப்பு அந்நியமாக இருந்தால் எந்த அந்நியராகவும் ஆக்கலாம் என்பது ஸ்ரூடியோக்களின் கணக்கு. கொன்ராட் ஃபைட் ‘கசபிளாங்கா’வில் ஏற்றது, தான் எவர்களிடமிருந்து தப்பினாரோ அவர்களுடைய அதிகாரியின் வேடம். போருக்குப் பின் ஜெர்மனி திரும்பியவர்களுக்கும் இடம் எளிதில் கிடைக்கவில்லை. லோரே தானே இயக்கி நடித்த ‘தெர் ஃபெர்லோரெனெ’ 1951இல் வெளிவந்து தோற்றது, அவர் மறுபடி அமெரிக்கா போனார். ஃபிரிட்ஸ் கோர்ட்னரோ நாடுகடந்த பேராசிரியர் ஒருவர் கலிபோர்னியாவிலிருந்து ஜெர்மனி திரும்பும் கதையைத் தானே எழுதித் தானே நடித்தார். ‘தெர் ரூஃப்’ என்ற அந்தப் படம் 1949 கான் விழாவில் போட்டியிட்டது. பிறர் தரும் வேடத்துக்குக் காத்திராமல் நடிகரே தனக்கான வேடத்தை எழுதிக்கொள்வது என்ற வழியை அவர் அப்போதே காட்டிவிட்டார்.

ஷோபாசக்தியும் அந்த வழியில்தான் போனார். கனடாவில் லெனின் எம். சிவம் இயக்கி 2017இல் வந்த ‘ரூபா’வின் கதை அவருடையது. ரொறன்ரோவில் குடும்பத்தோடு வாழும் நடுவயதுத் தமிழர் ஒருவர் திருநங்கை ஒருவரைக் காதலிக்கிறார். அந்த ஆணாக நடித்தார் ஷோபாசக்தி. போராளி இல்லை, துப்பாக்கி இல்லை, கடவுச்சீட்டு இல்லை. புலம்பெயர் குடும்பங்கள் பேச மறுக்கும் ஒன்றை மென்மையும் கோழைத்தனமும் கலந்த ஒரு மனிதர் மூலம் பேசுகிற வேடம். ‘தீபன்’ பார்த்தவர்கள் கட்டாயம் பார்க்க வேண்டியது இது.

2019 ஜனவரியில் சிட்னி நகர மண்டபத்தில் அரங்கேறிய ‘கவுன்டிங் அன்ட் கிராக்கிங்’ இன்னும் பெரிய களம். எஸ். சக்திதரன் எழுதி, ஈமன் ஃபிளாக் இயக்கத்தில் பெல்வுவார் நாடகக் குழு மேடையேற்றிய மூன்றரை மணி நேர நாடகம். கொழும்பையும் சிட்னியையும் இணைத்து நான்கு தலைமுறைக் கதை சொல்லும் அது அந்த ஆண்டு ஆஸ்திரேலியாவின் ஹெல்ப்மன் விருதுகள் ஏழை வென்றது. 2022இல் எடின்பரோ விழாவுக்கும் போனது. 1983இல் இறந்துவிட்டதாக நம்பப்பட்டுப் பல ஆண்டுகளுக்குப் பின் உயிரோடு வெளிப்படும் கணவர் திருவாக ஷோபாசக்தி நடித்தார். தமிழிலோ சிங்களத்திலோ ஒரு நடிகர் பேசும்போது மேடையில் நிற்கும் சக நடிகர் அதை ஆங்கிலத்தில் உரக்கச் சொல்வார். எழுத்தாக ஓடும் துணைவரிக்குப் பதிலாக ஒரு மனிதக் குரல். மெட்ரோ வாசலில் புரூக் அரை நூற்றாண்டுக்கு முன் தொடங்கிவைத்த அரங்க மரபில் பாரிஸ் தமிழர் ஒருவருக்கு இடம் கிடைத்தது, ஆனால் அது சிட்னியில் கிடைத்தது.

லாச்சப்பலுக்கு இப்போது இன்னொரு தலைமுறை வந்திருக்கிறது. பிரான்ஸில் பிறந்த லோரன்ஸ் வலன், தனக்குக் கிடைக்கும் வேடங்கள் போதாமல் லா ஃபெமி திரைப்படப் பள்ளியின் பயிற்சித் திட்டத்தில் ‘லிட்டில் ஜஃப்னா’ குறும்படத்தை எடுத்தார். 2020இல் அவருடைய ‘தி லோயல் மேன்’ குறும்படம் வந்தது. முழுநீள ‘லிட்டில் ஜஃப்னா’ 2024 வெனிஸ் விழாவின் விமர்சகர் வாரத்தை நிறைவுசெய்து, அடுத்த ஆண்டு பிரான்ஸில் திரைக்கு வந்தது. தமிழ்க் கும்பலுக்குள் ஊடுருவும் பொலிஸ்காரராக வலனே நடித்தார். கும்பலின் மூத்தவராக வருபவர் பெருநாழியைச் சேர்ந்த வேல ராமமூர்த்தி. அவரும் எழுத்தாளராக இருந்து நடுவயது கடந்து நடிகரானவர் என்பது தற்செயலாக எனக்குப் படவில்லை. நாடகப் பள்ளிகள் தராத முகங்களை நம் சினிமா எழுத்தாளர்களிடம் தேடிப் பெற்றுக்கொள்கிறது. ஆயினும் இந்தப் படங்களிலும் கும்பலும் ஆயுதமும்தான் முன்னே நிற்கின்றன. லாச்சப்பல் கடைக்காரரோ தபால்காரரோ தாதியோ மையமாக வரும் பிரெஞ்சுப் படம் இன்னும் எடுக்கப்பட வேண்டும்.

இந்த வரலாற்றை எழுத முயல்பவருக்குக் கிடைப்பதெல்லாம் நேர்காணல்களும் சிற்றிதழ்த் துணுக்குகளும்தான். ரகுநாதன் தலைமுறையின் பாரிஸ் மேடை நிகழ்ச்சிகள் வீடியோ கசெட்டுகளில் பதிவாகி, பலருடைய நிலவறைகளில் கிடக்கின்றன. காந்த நாடாவுக்கு ஆயுள் குறைவு. நாடக அழைப்பிதழ், கைப்பிரதி, கசெட், ஒளிப்படம் எதை வைத்திருப்பவராயினும் அவற்றை எண்ணிமப்படுத்தி நூலகம் நிறுவனம் போன்ற பொது ஆவணகங்களிடம் ஒப்படைக்க வேண்டும். பாரிஸில் இயங்கும் தமிழ்ச் சங்கங்கள் ஆண்டு விழாச் செலவில் ஒரு பங்கை இதற்கு ஒதுக்கலாம். அந்த நடிகர்களில் பலருக்கு இப்போது எழுபது வயது கடந்துவிட்டது, அவர்களிடம் கேட்டுப் பதிவுசெய்யும் வேலையை இந்த ஆண்டே தொடங்குங்கள்.